நிரம்பிய பஞ்சு

1

"நம்பர சைபராக்கிட்டா, உள்ள கீற மை இன்னா ஆவும்?"

அருணா ஒருமுறை கேட்ட இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாததில்தான் இந்தக் கதை பிறந்தது. பதில் சொல்லாதவளுக்கு நதியா என்று பெயர் வைத்திருக்கிறேன். என் பெயரை எழுதக் கை வரவில்லை.

2

ஜவ்வாது மலையில் அன்று மழை விடாமல்— (பொய். நல்ல வெயில். காற்றுதான் அதிகம்.)

மறுபடி தொடங்குகிறேன். ஒன்பதாவதோடு நின்றுவிட்ட நதியா, அண்ணன் வாங்கிய பிரிண்டரில் வீட்டிலேயே நகல் எடுத்துக் கொடுப்பாள். கூடப் படித்த அருணா மாற்றுச் சான்றிதழோடு வந்தாள். மறுநாள் திருப்பத்தூரில் நர்சிங் சேர்க்கை. அசல் இல்லையென்றால் இடம் அடுத்தவருக்குப் போய்விடும்.

பிரிண்டர் நின்று, விளக்குகள் சிமிட்டின. அது தன்னைச் சுத்தம் செய்யும்போது வழிகிற மையை அடியிலுள்ள பஞ்சு குடிக்கும். குடித்ததை இயந்திரம் எண்ணிக்கொண்டே வரும். நூறு சதவீதம் ஆனால் வேலை செய்யாது. நதியா லேப்டாப்பில் ரீசெட்டை அழுத்தினாள். நூறு சைபரானது. அருணா கேட்டது அப்போதுதான். நதியா தலையை மட்டும் ஆட்டினாள்.

"உன் வாய்க்கும் ஒரு ரீசெட் பட்டன் வெக்கணும்டீ."

(பஞ்சை மாற்ற வேண்டும் என்று நதியாவுக்குத் தெரியும். முன்பே இரண்டு முறை மாற்றாமல் அழுத்தியிருந்தாள். கூச்சத்தில் சொல்லவில்லை என்று எழுதினால் அது காரணமா, சாக்கா? எனக்கே தெரியவில்லை.)

3

சான்றிதழை நகலெடுத்ததும், காற்றில் பறக்காதிருக்க நதியா அசலைப் பிரிண்டருக்கு அடியில் செருகினாள். எங்கள் பக்கம் எந்தக் காகிதத்தையும் எதற்காவது அடியில்தான் வைப்போம். அடுத்து மதிப்பெண் பட்டியல். நகலில் எழுத்து மங்கியது. பிரிண்டரை இரண்டு முறை சுத்தம் செய்ய விட்டாள்.

அசலை உருவியபோது, பஞ்சிலிருந்து கசிந்த மையில் அருணாவின் பெயர் இருந்த இடம் கறுப்பாக இருந்தது.

4

முடிவு ஒன்று: பள்ளியில் அன்றே வேறு சான்றிதழ் தருகிறார்கள். (அன்று ஞாயிற்றுக்கிழமை.)

முடிவு இரண்டு: நகலே போதும் என்று கல்லூரியில் சொல்— அடித்துவிட்டேன்.

முடிவு மூன்று: நதியா வாயைத் திறந்து, "எனக்குத் தெரியும் அருணா, தெரிஞ்சேதான்—"

இந்த வாக்கியத்தை நான்கு நோட்டில் தொடங்கிவிட்டேன். முடிந்தால் நீங்கள் முடியுங்கள். நடந்ததை மட்டும் என்னால் எழுத முடியும்.

அருணா துப்பட்டாவால் ஒற்றினாள். மை இன்னும் பரவியது.

"இன்னாடீ இது? எதுனா சொல்லு."

நதியா தரையைப் பார்த்தாள். அருணா காத்திருந்தாள், வெகுநேரம். பிறகு ஈரக் காகிதத்தை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு படியிறங்கிப் போனாள்.