இஸ்திரிக்காரரின் தேய்த்த சட்டை

தெருமுனை இஸ்திரிக்காரரின் அன்றாட வாழ்க்கையை உள்ளபடியே ஆவணப்படமாக எடுக்க வேண்டும். வாடகைக் கேமரா கிடைத்ததோ ஐந்தே நாளுக்கு. மனிதரோ தினம் ஒரு தேய்த்த சட்டையும் படிய வாரிய தலையுமாக மாப்பிள்ளை மாதிரி வந்து நின்றார்.

நாலாம் நாள் ஒலிப்பதிவாளனுக்குப் பொறுக்கவில்லை. "அக்கா, நாளையோட கேமரா போயிடும். எப்பவும் போடற பழைய சட்டையைப் போட்டுட்டு வரச் சொல்லுங்களேன்."

"அவர் சட்டை, அவர் இஷ்டம். நாம பாக்க வந்தவங்கப்பா, உடுத்திவிட வந்தவங்க இல்ல," என்றாள் கேமராவுக்குப் பின்னால் நின்ற, படத்தை இயக்கும் அக்கா.

கடைசி நாள் மதியம் சாப்பாடு கொண்டுவந்த இஸ்திரிக்காரரின் மனைவி அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "ஊர்ச் சட்டையெல்லாம் தேய்ச்சவருக்கு, சொந்தச் சட்டையைத் தேய்க்க இருபது வருஷம் ஆச்சாக்கும்!"

அவர் கேமராவை மறந்தே போனார். "உனக்கும்தான் ஒருநாளும் தேய்ச்சுத் தரல. போய் உன் துணியெல்லாம் எடுத்துட்டு வா."

"பைத்தியமா உங்களுக்கு?" என்று திட்டிக்கொண்டே போனவள், கால்மணி நேரத்தில் மூட்டையோடு வந்தாள். அவர் ஒவ்வொன்றாக விரித்து, தண்ணீர் தெளித்து, ஓரம்கூட மடங்காமல் தேய்த்தார். அவள் பக்கத்திலேயே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒலிப்பதிவாளன் மூச்சை அடக்கிக்கொண்டு மைக்கை நீட்டினான். பழைய சட்டை போடச் சொல்லியிருந்தால் இது நடந்திருக்குமா? அக்காவின் பொறுமையைக் கடவுள் கைவிடவில்லை என்று நினைத்துக்கொண்டான்.