டார்லீன் ரூஸ்காவின் மணிக்கட்டு வெளிச்சம்

டார்லீன் ரூஸ்காவின் வலது மணிக்கட்டைத் தட்டினால் அவள் இருக்கும் அறையின் பல்பு எரியும். நெப்ராஸ்காவின் டோப்ரி ஊரில், கோழி ஆலையில் பல வருடம் கத்தி பிடித்து எலும்பு நீக்கியவள் அவள். முதலில் கட்டைவிரலிலிருந்து நடுவிரல் வரை எறும்பு ஊர்ந்தது. பிறகு கை மரத்துப்போய்த் தூக்கம் கலைந்தது, காப்பிக் கோப்பைகள் நழுவின. சுண்டுவிரல் மட்டும் ஆலை மேலாளரைப் போலச் சுகமாக இருந்தது. வேலையில் கை இடிபடும்போதெல்லாம் பல்பு எரிந்ததால், நிர்வாகமோ அவள் தலைக்கு மேலிருந்த விளக்கின் வயரைக் கழற்றிவிட்டு, சிக்கனத்துக்காக அவளைப் பாராட்டியது.

டாக்டர் தட்டிப் பார்த்தார், அறை பளிச்சென்றது. மணிக்கட்டில் எலும்புக்கும் தடித்த தசைநாருக்கும் நடுவே நரம்பு நசுங்குகிறது, தசைநாரை வெட்டிவிட்டால் சரியாகும், தள்ளிப்போட்டால் கட்டைவிரல் சதை வற்றிவிடும் என்றார். டார்லீன் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டாள். மகள் கல்யாணத்தில் அக்கார்டியன் வாசிப்பதாக வாக்குக் கொடுத்திருந்தாள்.

"பத்துக்கு எவ்வளவு வலிக்குது டார்லீன்?"

அந்த ஊரில் வலிக்கிறது என்று சொல்வதும் சர்ச் விருந்தில் கடைசிக் கேக் துண்டை எடுப்பதும் ஒன்றுதான். மானமுள்ளவர்கள் செய்யமாட்டார்கள்.

"ரெண்டு இருக்கும் டாக்டர். குறை சொல்ல ஒண்ணுமில்ல."

இரண்டுக்கெல்லாம் அறுவை சிகிச்சைக்கு அனுமதி தர இன்சூரன்ஸ் கம்பெனிக்குப் பைத்தியமா? கைப்பட்டை ஒன்றை அனுப்பி, கட்டிக்கொண்டு தூங்கச் சொன்னது. கேட்டபோதெல்லாம் அவள் இரண்டு என்றாள், சொன்னபோதெல்லாம் புதுப் பட்டை வந்தது. இதை எழுதும்போதே எனக்கு வயிறு எரிகிறது. வருடம் ஓடியது.

பனிப்புயலில் மின்கம்பங்கள் சாய்ந்ததும், ஊரே உருளைக்கிழங்கு கேசரோல் பாத்திரங்களோடு அவள் வீட்டு வாசலில் நின்றது. பக்கத்து வீட்டு வெர்னான் தயங்கித் தயங்கி இழுத்தான்.

"தொந்தரவுக்கு மன்னிச்சுக்கோ டார்லீன். லேசா ஒரு தட்டு தட்டிக்கலாமா?"

"அதுக்கென்ன, தாராளமா."

முறைவைத்துத் தட்டினார்கள். சிலர் போன்கூட சார்ஜ் போட்டுக்கொண்டார்கள். தன் கை வலிக்கிறதென்று வெர்னான் விரலை விட்டுவிட்டு மரக்கரண்டியை எடுத்தபோதுதான் அவள் அலறினாள்.

"பத்துடா பாவிங்களா! பத்து!"

மாவட்டம் முழுக்க விளக்கெரிந்தது. இன்சூரன்ஸ் அலுவலகத்திலும் எரிந்திருக்க வேண்டும், அனுமதி உடனே வந்துவிட்டது. தசைநாரை வெட்டியதும் மற்ற விரல்களுக்கு உணர்வு திரும்பியது. கட்டைவிரலுக்குத் திரும்பவில்லை. அதன் சதை வற்றி மாதங்களாகிவிட்டன. தட்டினாலும் பல்பு எரியாததில் ஊருக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

கல்யாணத்தில் நாலு விரலால் போல்கா நடனப் பாட்டு வாசித்தாள். கட்டைவிரல் வாசிக்க வேண்டிய சுரங்களெல்லாம் பாட்டில் ஓட்டையாக விழுந்தன. ஆடிக்கொண்டே அருகில் வந்த வெர்னான் கேட்டான்.

"கை எப்படியிருக்கு?"

"குறை சொல்ல ஒண்ணுமில்ல" என்று சிரித்தாள்.

அவள் சொல்லி வாய் மூடுவதற்குள் மண்டபத்து விளக்குகள் அத்தனையும் கண் கூசும்படி எரிந்தன. யாரும் அண்ணாந்து பார்க்கவில்லை. கண்ணைச் சுருக்கிக்கொண்டு ஆடினார்கள்.