நீலக் கோட்டுக்கு அந்தப் பக்கம்

புதன்கிழமை மத்தியானம் கையெழுத்துப் போட்டாயிற்று. கடன் கம்பெனியிலிருந்து மிஸ் பார்லோ என்ற பெண் வீட்டுக்கே வந்தாள். பனி ஒட்டிய பூட்ஸை வாசலில் கழற்றி வைத்துவிட்டு, சமையலறை மேசையில் அறுபது தாளைப் பரப்பினாள். ரோலண்ட் கொவாச்சும் அவன் மனைவி டெலியாவும் அவள் விரல் வைத்த இடத்தில் எல்லாம் பேனாவை வைத்தார்கள். அரைமணி நேரத்தில் வேலை முடிந்தது.

வீட்டின் பேரில் இருந்த பழைய கடனை அடைத்துவிட்டுப் புதிதாக எண்பத்தெட்டாயிரம் டாலர் கடன். மாதம் நானூற்றி எண்பத்து மூன்று கட்டிக்கொண்டிருந்தது இனி நானூற்றி இருபதுதான். அதோடு, கம்பெனிச் செலவு போகக் கையில் பன்னிரண்டாயிரம் வரும். அந்தப் பன்னிரண்டாயிரத்துக்கு வேலை காத்திருந்தது. நிலவறையில் ஹீட்டர் சாகக் கிடந்தது. ரோலண்டின் இடது முட்டி அதைவிட மோசம். முப்பத்தைந்து வருடம் அடுத்தவர் வீட்டில் மண்டியிட்டு மரத்தரை போட்டவனுக்கு முட்டி எப்படி இருக்கும்? கத்தி வைத்தால் மூன்று மாதம் கூலி கிடையாது. டெலியா சமைக்கும் பள்ளிக்கூடத்தில் அவளுக்கும் நேரத்தைக் குறைத்துவிட்டார்கள்.

கடைசியாக மிஸ் பார்லோ ஒரு தாளைத் தனியாக எடுத்துக் கொடுத்தாள். மனம் மாறினால் மூன்று வேலை நாளுக்குள் கடனை ரத்து செய்துகொள்ளலாம், சனிக்கிழமையும் கணக்கில் சேரும் என்று அதில் போட்டிருந்தது.

"இத யாரும் அனுப்புறதில்லைங்க. சட்டத்துக்காகக் குடுக்குறோம்."

டெலியா அதை ஃபிரிட்ஜ் கதவில் காந்தத்தால் ஒட்டிவைத்தாள்.

வியாழக்கிழமை டோலிடோவின் மேற்குப் பக்கம் ஒரு பல் டாக்டர் வீட்டில் வேலை. ரோலண்டோடு பதினெட்டு வருடமாக ஜோடி சேர்ந்து வேலை செய்யும் ஆமோஸ் பலகைகளைப் பிரித்துப் போட்டுக்கொண்டிருந்தான். ஆமோஸ் சொந்த வீடு வாங்காதவன், அதில் அவனுக்கு ஒரு கர்வமும் உண்டு. மாதம் அறுபத்து மூன்று டாலர் மிச்சம் என்று ரோலண்ட் சொன்னதும் அவன் சுத்தியலைக் கீழே வைத்தான்.

"மாசம் எவ்வளவுன்னு கேட்டா தூக்கத்துலகூட சொல்லுவ. மொத்தம் எவ்வளவு கெழவா?"

ரோலண்டுக்குத் தெரியவில்லை. அவன் தெருவில் யாருக்கும் தெரியாது. லாரியோ, டிவியோ, வீடோ, மாதம் எவ்வளவு என்றுதான் அங்கே கேட்பார்கள். மாதத்துக்கு முடிந்தால் வாங்கிவிடுவார்கள்.

"நானும் வாடகைக்குத்தான் இருக்கேன், நீயும் வாடகைக்குத்தான் இருக்க. என்ன ஒண்ணு, உன் வாடகை வீட்டுக்கு நீதான் கூரை மாத்தணும். ஆமா, உன் வீட்டுல எந்தப் பலகைப்பா உன்னுது?" என்றான் ஆமோஸ்.

சிரித்துவிட்டு வேலையைப் பார்த்தார்கள். ஆனால் அந்தக் கேள்வி ரோலண்டின் கூடவே வண்டியில் ஏறி வீட்டுக்கு வந்துவிட்டது.

டெலியா வீட்டில் இல்லை. வெள்ளிக்கிழமை விற்பனைக்கு முட்டைக்கோஸ் உருண்டை உருட்டச் சர்ச்சுக்குப் போயிருந்தாள். வெளியே இன்னும் வெளிச்சம் இருந்தது. ரோலண்ட் பழைய தாள்கள் இருந்த பூட்ஸ் பெட்டியை மேசையில் கவிழ்த்தான்.

முதல் கடன் எண்பதாயிரம், அப்போது அவனுக்கு முப்பத்தொரு வயது. ஏழு வருடத்தில் ஐம்பத்தோராயிரம் கட்டியிருந்தான். அசலில் குறைந்தது ஐந்தரையாயிரம். வட்டி இறங்கியிருக்கிறது என்று யாரோ சொல்ல, கூரைக்கும் சேர்த்துப் புதுக்கடன், மறுபடியும் முப்பது வருடம். எட்டு வருடம் கழித்துச் சமையலறைக்காக இன்னொன்று, தொண்ணூறாயிரம், மறுபடியும் முப்பது. ஒவ்வொரு தடவையும் மாதத் தவணை குறைந்தது, ஒவ்வொரு தடவையும் பீர் வாங்கிக் கொண்டாடினார்கள். இருபத்தைந்து வருடத்தில் கட்டியது ஒரு லட்சத்து அறுபத்து நான்காயிரம். நேற்று வரை பாக்கி எழுபத்து மூவாயிரம்.

தாளில் எண்ணாக இருக்கும்வரை அது அவனுக்கு ஒட்டவில்லை. சதுர அடியாக மாற்றினான், அதுதான் அவனுக்குத் தெரிந்த கணக்கு. வீடு மொத்தம் ஆயிரத்து நூறு சதுர அடி. முதன்முதல் மாதம் கட்டிய அறுநூற்றுப் பதினைந்து டாலரில் அவனுக்குச் சொந்தமானது ஒரே ஓக் பலகையில் மூன்றரை அடி நீளம். கடைசிக் கடனில் பத்து வருடம் கட்டி அடைத்த பங்கு இருநூற்றைந்து சதுர அடி. சமையலறை நூற்று அறுபத்தெட்டு. மீதி முப்பத்தேழு, நடைவழியில்.

கருவிப் பையிலிருந்து நீலப்பொடி நூலை எடுத்தான். நடைவழியை அளந்து, இரண்டு சுவருக்கும் நடுவே நூலை இழுத்துப் பிடித்து ஒரு சுண்டு சுண்டினான். தரையில் பளிச்சென்று ஒரு நீலக்கோடு விழுந்தது. இந்தப் பக்கம் அவனுடையது. அந்தப் பக்கம் படுக்கையறைகள், குளியலறை, முன்னறை, தெருக்கதவு.

நிமிர்ந்தபோதுதான் உறைத்தது. இதுவும் நேற்று வரைக்குமான கோடு. புதுக்கடனில் இன்னும் ஒரு காசுகூடக் கட்டவில்லை. புதுக்கடனுக்குக் கோடு போட வேண்டுமென்றால் பின்கதவைத் திறந்து பனியில் இறங்கித்தான் போட வேண்டும். முதல் தவணை கட்டினால் ஒன்றரைச் சதுர அடி உள்ளே வரலாம். அரைக் கால்மிதி.

கோட்டைத் தாண்டி முன்னறைக்கு நடந்தான். இந்தத் தரை முழுக்க அவன் கையால் போட்டது. எந்தப் பலகை எந்த இடத்தில் முனகும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லுவான். அன்றைக்கும் கோட்டுக்கு அந்தப் பக்கம் அவை முனகின, ஆனால் வேறு யார் வீட்டிலோ முனகுவதுபோல். அடியில் ஒன்றுமில்லாத இடத்தில் கால் வைப்பதுபோல் தரை மெத்தென்று இருந்தது. தன் நாற்காலியில் உட்கார்ந்தான். அது வெதுவெதுப்பாக இருந்தது, இப்போதுதான் யாரோ எழுந்து போனதுபோல.

எழுந்து சமையலறைக்கே வந்துவிட்டான். மேசையில் உட்கார்ந்தபோது, தெருக்கதவிலிருந்து நாற்காலி வரைக்கும் யாரோ நடந்தார்கள். ஒரு அடி, ஒரு இழுப்பு. ஒரு அடி, ஒரு இழுப்பு. எட்டிப் பார்த்தான், யாருமில்லை. தெருக்கதவுக்கு வெளியே பனியில் ஒரு தடம்கூட இல்லை.

டெலியா வந்து கோட்டைப் பார்த்தாள். என்ன இது என்றாள், சொன்னான். "அப்ப ராத்திரி நான் படுக்குறது கம்பெனிக்காரன் வீட்டுலயா? அவன் கட்டிலுக்கு வாடகை கேக்கப்போறான்" என்றாள். ஆனால் கோட்டைத் தாண்டும்போது அவள் பார்த்துத்தான் கால் வைத்தாள். காலடிச் சத்தத்தைப் பற்றி அவன் வாய் திறக்கவில்லை.

வெள்ளிக்கிழமை டாக்டர் வீட்டுப் பசை காய வேண்டியிருந்ததால் மதியமே வந்துவிட்டான். நல்ல வெயில், முன்னறை ஜன்னல் வழியாக நடைவழி முழுக்கப் பாய்ந்திருந்தது. அந்த வெளிச்சத்தில் தூசியைப் பார்த்தான். கோட்டுக்கு அந்தப் பக்கம், விரற்கடை கனத்துக்கு, சாம்பல் நிறத்தில் தூசி. காலையில் அவன் அதே தரையில் நடந்துதான் வேலைக்குப் போயிருந்தான். பல வருடம் யாரும் பெருக்காத வீட்டில்தான் அப்படிப் படியும். கோட்டுக்கு இந்தப் பக்கம் தரை துடைத்து வைத்ததுபோல் இருந்தது.

தூசியில் ஒரு தடம். தெருக்கதவில் தபால் போடும் துளையிலிருந்து நாற்காலிக்கு, நாற்காலியிலிருந்து துளைக்கு. வேறெங்கும் போகவில்லை. பில்லை எடுக்க, பில்லோடு உட்கார. வலது கால் பதிந்திருந்தது, இடது கால் இழுத்திருந்தது.

ரோலண்ட் அதை வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றான். அவனுக்கு ஐம்பத்தாறு வயது. புதுக்கடன் முடியும்போது எண்பத்தாறு. இடது முட்டி இப்போதே இழுக்கிறது. யாருடைய தடம் என்று யாரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை. அவனுக்குப் பயத்தைவிட அலுப்புத்தான் வந்தது. அப்போதும் கட்டிக்கொண்டுதான் இருப்பேனா என்று நினைத்தான்.

துடைப்பத்தால் ஒரு இழுப்பு இழுத்துப் பார்த்தான். துடைப்பம் சுத்தமாகத் திரும்பி வந்தது. தூசி இருந்த இடத்தில் இருந்தது.

அன்று படுக்கையறைக்குப் போக இருவருக்கும் மனம் வரவில்லை. ஹீட்டர் சரியில்லை, அடுப்பு இருக்கும் இடம்தான் கதகதப்பு என்று ஆளுக்கொரு காரணம் சொல்லிக்கொண்டு சமையலறையிலேயே கம்பளியை விரித்தார்கள்.

சனிக்கிழமை விடிந்தபோது தூசி கோட்டைத் தாண்டியிருந்தது. முப்பத்தேழு சதுர அடியையும் தின்றுவிட்டு, சமையலறைக்குள் வந்து மேசைக்கால் வரை நின்றது. மூன்றாவது நாள். ராத்திரி பன்னிரண்டுக்குமேல் அந்தத் தாளுக்கு மதிப்பில்லை. தபால் ஆபீஸ் மத்தியானமே மூடிவிடும்.

ரோலண்ட் காபிக் கோப்பையைப் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னான். சத்தம், நாற்காலி, தடம். அது தான்தான் என்றும், எண்பத்தாறு வயதில் முட்டியை இழுத்துக்கொண்டு நடக்கிறேன் என்றும் சொன்னான். டெலியா சிரிப்பாள் என்று எதிர்பார்த்தான். அவள் சிரிக்கவில்லை.

"எனக்குப் பத்து வருசமாக் கேக்குது," என்றாள். "போன தடவ கையெழுத்துப் போட்டதுலேர்ந்து. அப்ப தூரமா இருந்துச்சு, இப்பக் கிட்ட வந்துருச்சு."

"ஏன் சொல்லல?"

"சொன்னா நீ நிலவறைல எலிப்பொறி வைப்ப."

பிறகு அவள் எழுந்து, கதவோரம் கிடந்த செருப்பைப் போட்டுக்கொண்டாள். இடது செருப்பின் குதிகால் வார் அறுந்து ஒரு மாதமாகிறது. மேசையைச் சுற்றி ஒரு நடை நடந்தாள். ஒரு அடி, ஒரு இழுப்பு. ஒரு அடி, ஒரு இழுப்பு.

"உன் முட்டி இழுக்குறப்ப பலகை முனகும் ரோலண்ட். அந்தச் சத்தத்துல முனகலே இல்ல. நீ தரை போடுறவன், உனக்குத் தெரியாதா?"

தெரியும். வியாழக்கிழமையே தெரிந்திருக்க வேண்டும். அவன் நூறு கிலோ. அவன் நடந்தால் அந்த வீட்டில் ஏழு பலகை முனகும். தடத்தைத் திரும்ப நினைத்துப் பார்த்தான். பாதம் சின்னது. தூசி அழுந்திய ஆழம் சொற்பம். எடையே இல்லாத யாரோ ஒருவர். ஒருவர் மட்டும்.

"எனக்கு எண்பத்து நாலு ஆகும்," என்றாள் டெலியா. "அந்தச் சத்தத்துல நான் தனியாத்தான் இருக்கேன். உன்ன நான் தேடித் தேடிக் கேட்டுப் பாத்துட்டேன். நீ எங்கயும் இல்ல."

அவன் பன்னிரண்டாயிரத்தை நினைத்தான். கத்தி வைத்தால் முட்டி சரியாகும், மூன்று மாதம் உட்கார்ந்து சாப்பிடலாம். அதற்கு விலை, புதுக்கடன் தாளில் மூன்றாம் பக்கத்தில் ஒரு கட்டத்துக்குள் எழுதியிருந்தது: ஒரு லட்சத்து ஐம்பத்தோராயிரம். பழைய கடன் அப்படியே ஓடினால் ஒரு லட்சத்துப் பதினாறாயிரம், இருபது வருடம். அப்போது அவனுக்கு எழுபத்தாறு, அவளுக்கு எழுபத்து நான்கு. அந்தப் பத்து வருடத்தை யார் கட்டப்போகிறார்கள் என்பது கட்டத்துக்குள் எழுதியிருக்கவில்லை. அதைத்தான் அவள் நடந்து காட்டினாள்.

"முட்டி?" என்றாள் டெலியா. அவள் கேட்க நினைத்தது வேறு ஏதோ. கேட்டது அதுதான்.

"பல்லக் கடிச்சுக்கலாம். ஹீட்டரு?"

"ஆமோஸக் கூட்டிட்டு வந்து கழட்டிப் பாரு. முடியலன்னா இங்கயே படுத்துக்குவோம். இதாவது நம்மளோடது."

ஃபிரிட்ஜ் கதவிலிருந்து தாளை எடுத்தாள். வீட்டுக்காரரில் ஒருவர் கையெழுத்திட்டாலே போதும் என்று அதில் போட்டிருந்தது. ரோலண்ட் பேனாவை நீட்டினான். அவள் போட்டாள். மேசைக்கடியில் தூசி அவள் செருப்பு நுனியைத் தொட்டுக்கொண்டிருந்தது.

வண்டி கிளம்ப மூன்று தடவை சாவி திருகவேண்டியிருந்தது. தெருவில் பனி வழித்த பாடில்லை. பன்னிரண்டுக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது தபால் ஆபீஸ் கதவைத் தள்ளினார்கள். ரிஜிஸ்டர் என்றான் ரோலண்ட். கண்ணாடி மாட்டிய ஆள் உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, தேதி முத்திரையை எடுத்து ஒரு குத்துக் குத்தினான். அது நூலைச் சுண்டின மாதிரியே சத்தம் கேட்டது.

வீட்டுக்குத் திரும்பியபோது சமையலறைத் தரை சுத்தமாக இருந்தது. நடைவழியும் அந்த முப்பத்தேழு சதுர அடி வரை சுத்தம். அதற்கப்பால் தூசி இருந்ததா என்று சொல்ல முடியவில்லை. வெயில் போயிருந்தது. நீலக்கோடு மட்டும் தெரிந்தது. அடுத்த தவணைக்கு அது பதினோரு அடிப் பலகை ஒன்று அந்தப் பக்கம் நகரும். அதற்கடுத்த தவணைக்கு இன்னொன்று. இருபது வருடம் நகர வேண்டும்.

குளிருக்குப் போட்ட மேல்சட்டையைக்கூடக் கழற்றாமல் இருவரும் மேசையருகே நின்றார்கள். தெருக்கதவுப் பக்கம் அது கிளம்பியது. ஒரு அடி, ஒரு இழுப்பு. நாற்காலி வரை போய் நிற்கவில்லை. நடைவழியில் வந்தது. நீலக்கோட்டருகே வந்து நின்றுகொண்டது.

டெலியா மூச்சைப் பிடித்துக் கேட்டாள். பிறகு கையைத் தூக்கி இரண்டு விரலைக் காட்டினாள்.

ரோலண்ட் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டான். முப்பத்தைந்து வருடம் தரை தேய்க்கும் மெஷின் பக்கத்தில் நின்று பழுதான காது அது. அவனுக்கு ஒருவர் நடைதான் கேட்டது.

அவன் அதைச் சொல்லவில்லை. மேசைக்கடியில் அவள் கழற்றிவிட்டுப் போன இடது செருப்பை எடுத்து, மேசையில் கவிழ்த்துப் போட்டு, அறுந்த வாரைத் தைக்க ஊசியைத் தேடினான்.