மாடிக்குக் குடிபோன வீட்டுக்காரர்கள்

"டாப்-அப் லோன் குடுக்க முடியாதுங்க. இருக்கிற வீட்டு லோனே சாருக்கு அறுபத்தொம்பது வயசு வரைக்கும் ஓடுது. அதுக்கு மேல எப்படி இன்னொண்ணு குடுக்கிறது?"

சிதம்பரம் கிளையில் கடன் பிரிவைப் பார்த்துக்கொண்டிருந்த சிங்காரம் இதைச் சிரித்த முகத்தோடுதான் சொன்னார். வேறு யாருடைய கணக்கையோ பார்த்துவிட்டுச் சொல்கிறார் என்றுதான் ஜான்சிக்கு முதலில் தோன்றியது.

"சார், இருபது வருஷத்துக்குத்தான் வாங்கினோம். மூணு வருஷம் கட்டியாச்சு. இன்னும் பதினேழுதான இருக்கணும்?"

"இருபத்தஞ்சரை இருக்கு மேடம்."

ஜான்சி பக்கத்தில் உட்கார்ந்திருந்த கணவனைப் பார்த்தாள். அன்பரசு குடிகாட்டுக்குப் பக்கத்திலிருக்கும் ரசாயனத் தொழிற்சாலை ஒன்றில் ஆப்பரேட்டர். நாற்பத்து நான்கு வயது. ஐம்பத்தெட்டில் வேலை முடிந்துவிடும். அவன் மேசையில் கிடந்த பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"கட்டக் கட்ட எப்படி சார் கூடும்?" என்று கேட்டாள்.

"நடுவுல வட்டி ஏறிச்சு இல்லீங்களா? இ.எம்.ஐ.யை ஏத்தினா உங்களுக்குக் கஷ்டமாயிடும்னு மாசத்தைக் கூட்டிடும். சிஸ்டமே பண்ணிடும். மெசேஜ் கூட வந்திருக்குமே."

வந்திருக்கலாம். ஒரு நாளைக்கு வருகிற நாற்பது மெசேஜில் அதுவும் ஒன்றாக வந்துபோயிருக்கலாம். மாதம் பன்னிரண்டாயிரம் ரூபாய் போய்க்கொண்டிருக்கிறது, அதில் ஒரு ரூபாய்கூட ஏறவில்லை, ஆகவே எல்லாம் சரியாக இருக்கிறது என்றுதான் இருவரும் நினைத்திருந்தார்கள்.

வீடு கடலூர் முதுநகரில் இருந்தது. மனை ஜான்சியின் நகையை விற்று வாங்கியது. அதன்மேல் பதினைந்து லட்சம் கடன் வாங்கிக் கட்டியிருந்தார்கள். கீழே இரண்டு படுக்கையறை, கூடம், சமையலறை. மொட்டை மாடியில் தகர ஷீட் போட்ட ஒரே ஓர் அறை, ஒரு பாத்ரூம். அந்த மாடியை முழுசாகக் கட்டி வாடகைக்கு விடத்தான் இன்னொரு கடன் கேட்டு வந்திருந்தார்கள்.

கடலூர் பஸ்ஸில் இடம் கிடைத்ததும் ஜான்சி போனில் கால்குலேட்டரைத் திறந்தாள். சிதம்பரத்தில் ஒரு பரிசோதனைக் கூடத்தில் லேப் டெக்னீசியன் அவள். இரண்டு முறை சரிபார்க்காத எண்ணை அவள் நம்பமாட்டாள். பஸ் பி.முட்லூரைத் தாண்டுவதற்குள் மூன்று முறை போட்டுப் பார்த்துவிட்டாள். மூன்று முறையும் ஒரே விடை.

"இதுவரைக்கும் கட்டினது, இனிமே கட்டப்போறது எல்லாம் சேர்த்து நாப்பத்தோரு லட்சம்."

"எது?"

"பதினஞ்சு லட்சத்துக்கு நாம குடுக்கப்போறது. மூணு வருஷத்துல நாலே கால் லட்சத்துக்கு மேல கட்டியிருக்கோம். அசல்ல ஒரு லட்சத்துச் சொச்சம்தான் கழிஞ்சிருக்கு."

அன்பரசு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். "வாடகை வீட்ல இருந்தாலும் மாசம் பத்தாயிரம் போவத்தான செய்யும். எல்லாரும் இப்படித்தான் கட்றாங்க. உங்க லேப்ல, எங்க பிளான்ட்ல, எவன்கிட்ட கேட்டாலும் லோன்தான்."

"எல்லாரும் கட்றாங்க. எவ்ளோ கட்றோம்னு எத்தனை பேருக்குத் தெரியும்?"

அவன் ஜன்னல் கண்ணாடியை இறக்கிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான்.

அன்பரசுக்கு அந்த வீடு சாதாரண விஷயமல்ல. அவன் குடும்பத்தில் கான்கிரீட் தளம் போட்ட முதல் ஆள் அவன். புதுமனை புகுவிழாவுக்கு ஃபாதரைக் கூப்பிட்டு ஜெபம் செய்து மந்திரிக்கவைத்து, முந்நூறு பேருக்கு பிரியாணி போட்டான். அந்த வீட்டைப் பற்றி ஒரு குறை சொன்னால் தன்னைச் சொன்னதுபோல முகம் சுண்டிப்போவான். இது ஜான்சிக்குத் தெரியும். அதனால் அவனிடம் மேற்கொண்டு எதுவும் பேசாமல், ஒரு வாரம் கழித்து மதியச் சாப்பாட்டு நேரத்தில் தனியாகக் கிளைக்குப் போனாள்.

"புதுசா லோன் வாங்குறவங்களுக்கு இப்ப என்ன வட்டி சார்?"

சிங்காரம் சொன்னார். அவர்கள் கட்டுவதைவிட கிட்டத்தட்ட ஒரு சதவீதம் குறைவு.

"எங்களுக்கு மட்டும் ஏன் ஜாஸ்தி?"

"அது பழைய லோனுங்க. மாத்தணும்னா நீங்களா எழுதிக் குடுக்கணும். கொஞ்சம் ஃபீஸ் இருக்கு."

"குடுக்கிறேன். நடுவுல மொத்தமா கட்டினா அபராதம் உண்டா?"

"மாறும் வட்டிதான? கிடையாது."

"சரி. இப்ப ஒரு லட்சம் கட்டினேன்னு வச்சுக்குங்க. எத்தனை மாசம் குறையும்?"

அவர் தட்டிப் பார்த்தார். திரும்பவும் தட்டிப் பார்த்தார். திரையை அவள் பக்கம் திருப்பினார். அவருக்கே ஆச்சரியமாக இருந்தது என்பது முகத்தில் தெரிந்தது.

"எழுபது மாசம் குறையுது மேடம்."

அன்று மாலை வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே அவள் அன்பரசுவிடம் சொன்னாள். "ஒரு லட்சம் கட்டினா கிட்டத்தட்ட ஆறு வருஷம் போயிடுதுங்க. ஒரே ஒரு லட்சம்! நாம கட்றதுல முக்கால்வாசிக்கு மேல வட்டிக்கே போவுது. அசலை நேரா அடிச்சாத்தான் அது சாவும்."

அன்பரசு டீயைக் கீழே வைத்தான். "ஆறு வருஷமா?"

"அந்த சாரே ரெண்டு தடவை போட்டுப் பார்த்தாரு."

அவன் எழுந்து கூடத்துக்கும் சமையலறைக்கும் நடந்தான். ஆறு வருடம் என்றால் எத்தனை நைட் ஷிப்ட் என்று அவனுக்குத் தெரியும். நாப்பத்தோரு லட்சம் என்று சொன்னபோது உறைக்காதது இப்போது உறைத்தது.

"கார வித்துடலாம்," என்றான். செகண்ட் ஹேண்டில் வாங்கிய கார் அது. ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்கு அதில் போய் இறங்குவது அவனுக்குப் பிடிக்கும்.

கார் பணமும் ஜான்சியின் சீட்டுப் பணமும் சேர்ந்து இரண்டரை லட்சம் வந்தது. அதை முழுசாக அசலில் கட்டினார்கள். வட்டியையும் குறைத்துக்கொண்டார்கள். ஆனாலும் ஜான்சிக்குப் போதவில்லை. வண்டி நகர ஆரம்பித்துவிட்டது, இனி விடக்கூடாது என்ற வெறி வந்துவிட்டது. மாதா மாதம் இன்னும் என்ன செய்யலாம் என்று அவள் யோசித்துக்கொண்டிருந்தபோது, சாப்பிட்டுக்கொண்டே அன்பரசுதான் அதைச் சொன்னான்.

"கீழ்வீட்ட வாடகைக்கு விட்டுட்டு நாம மேல போயிடலாமா?"

ஒன்பதாவது படிக்கும் மகள் வெண்மதி தட்டிலிருந்து நிமிர்ந்தாள். "அந்த ஷீட் ரூமுக்கா? நம்ம வீட்ட வச்சுக்கிட்டா?"

"நம்ம வீடு இல்லம்மா. இன்னும் பேங்க் வீடுதான். நம்ம வீடாக்கத்தான் மேல போவப் போறோம்."

அந்த வீட்டின் ஒவ்வொரு டைல்ஸையும் பாண்டிச்சேரி வரை போய்த் தேர்ந்தெடுத்துக் கொண்டுவந்தவன் அவன்.

புவனகிரியிலிருந்து மாற்றலாகி வந்த மலர்க்கொடி என்ற ஆசிரியை, கணவனோடும் மாமியாரோடும் கீழே குடிவந்தாள். வாடகை எட்டாயிரத்து ஐந்நூறு. அது வந்த அன்றைக்கே கடன் கணக்குக்குப் போய்விடும். அன்பரசுவின் ஓவர்டைம் பணமும் தீபாவளி போனஸும் பின்னாலேயே போகும்.

மேலே வாழ்க்கை லேசாக இல்லை. கத்திரி வெயிலில் மத்தியானம் அந்த அறைக்குள் நிற்க முடியாது. வெண்மதி புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு வாட்டர் டேங்க் நிழலில் போய் உட்காருவாள். ஷீட்டின்மேல் ஈரச் சாக்கு விரித்துப் பார்த்தார்கள், தென்னங்கீற்று போட்டுப் பார்த்தார்கள். மழையில் பேசுவது ஒருவருக்கொருவர் கேட்காது. தன் தோழிகளை வெண்மதி வீட்டுக்கு அழைப்பதை நிறுத்திவிட்டாள். ஒரு நாள் அழுதும் தீர்த்துவிட்டாள். "எல்லாரும் நாமதான் வாடகைக்கு இருக்கோம்னு நினைக்கிறாங்கம்மா."

ஜான்சி அவளைப் பக்கத்தில் உட்காரவைத்துக் கணக்கைக் காட்டினாள். மேலே வந்ததால் எத்தனை மாதம் குறைந்தது, இப்படியே போனால் எப்போது முடியும் என்று ஒன்றொன்றாகச் சொன்னாள். வெண்மதி மூக்கை உறிஞ்சிக்கொண்டே கேட்டாள். "அப்ப நான் காலேஜ் போறப்ப முடிஞ்சிடுமா?"

"முடிச்சிடுவோம்."

"அப்ப சரி," என்றாள்.

அன்பரசுவின் அண்ணன் தங்கராசு மட்டும் விடவில்லை. தேவனாம்பட்டினத்தில் ஒரு கல்யாண வரவேற்பில் பத்துப் பேர் நடுவில் சத்தமாகச் சொன்னான். "எங்க தம்பி இருக்கானே, வீட்டக் கட்டிட்டு மொட்டை மாடியில குடித்தனம் பண்றான். ஊர்ல வாடகைக்காரன் மாடியில இருப்பான், வீட்டுக்காரன் கீழ இருப்பான். இவன் உல்ட்டா!"

எல்லாரும் சிரித்தார்கள். அன்பரசு கை கழுவும் இடத்தில் ரொம்ப நேரம் நின்றான். வீட்டுக்கு வந்ததும் ஜான்சி, "கீழ போயிடலாமா?" என்று கேட்டாள். மனசாரத்தான் கேட்டாள்.

"அவனுக்கு முப்பது லட்சம் லோன் இருக்கு," என்றான் அன்பரசு. "எவ்ளோ கட்டப்போறான்னு அவனுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். விடு."

இரண்டாம் வருடம் ஐப்பசியில் புயல் வந்தது. காலை பத்து மணி வாக்கில் காற்று சுழன்று அடித்ததில் இரண்டு ஷீட்டுகள் பிய்த்துக்கொண்டு அடுத்த தெருவில் போய் விழுந்தன. மூன்று பேரும் நனைந்தபடி துணிகளை அள்ளிக்கொண்டிருந்தபோது மலர்க்கொடி படியேறி வந்தாள்.

"இன்னாக்கா இது, இன்னும் மேல நின்னுக்கிட்டு! வாங்க கீழ."

அந்த இரண்டு நாளும் அவர்கள் தங்கள் வீட்டுக் கூடத்திலேயே விருந்தாளிகளாக இருந்தார்கள். மலர்க்கொடியின் மாமியார் சுடச்சுட மிளகு ரசம் வைத்து ஊற்றினாள். அன்பரசு தான் தேர்ந்தெடுத்த டைல்ஸைக் கையால் தடவிப் பார்த்ததை ஜான்சி கவனித்தாள். காற்று நின்றதும் மலர்க்கொடியின் கணவனும் அவனும் சேர்ந்து ஷீட்டைத் திரும்பப் போட்டார்கள். அந்த மாதமும் தவணையோடு கூடுதல் பணம் போனது. கொஞ்சம் குறைவாகத்தான், ஆனால் போனது.

அதற்குப்பின் ஓட்டம் பிடித்தது. அசல் குறையக் குறைய வட்டிக்குப் போகும் பங்கு சுருங்கியது. முன்பு நூறு ரூபாய் அசலைக் கழிக்கப் பட்ட பாட்டுக்கு இப்போது ஆயிரம் கழிந்தது. வெண்மதியே ஒவ்வொரு மாதமும் மீதியைப் பார்த்து கிரிக்கெட் ஸ்கோர் மாதிரி அறிவிப்பாள். எட்டு லட்சம். ஐந்து. மூன்றுக்குக் கீழே வந்த அன்று அன்பரசு யாரும் கேட்காமலே ஒரு கிலோ வஞ்சிரம் வாங்கிக்கொண்டு வந்தான்.

கடன் வாங்கியதிலிருந்து ஏழாவது வருடம் முடிவதற்குள், மாடிக்குப் போய் நான்கு வருடம் ஆவதற்கு முன்பே, கடைசிப் பணத்தைக் கட்ட மூவரும் சிதம்பரம் போனார்கள். சிங்காரத்துக்கு இப்போது பதவி உயர்ந்திருந்தது. ஆனாலும் எழுந்து வந்தார். சில வாரம் கழித்துப் பத்திரம் தயார் என்று அழைத்தபோது, தானே உள்ளேயிருந்து எடுத்துவந்து அன்பரசுவின் கையில் கொடுத்தார்.

"பதினெட்டு வருஷ சர்வீஸ்ல, இருபத்தஞ்சு வருஷம் பாக்கி இருந்த லோனை நாலு வருஷத்துக்குள்ள முடிச்சவங்களை நான் பார்த்ததில்லைங்க. எப்படிப் பண்ணீங்க?"

"மாடிக்குப் போனோம் சார்," என்றான் அன்பரசு.

அவருக்குப் புரியவில்லை. ஜான்சிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அந்தக் கடனோடு அப்படியே ஓடியிருந்தால் கொடுத்திருக்க வேண்டியதில் இருபது லட்சத்துக்கு மேல் மிச்சம். அவர்கள் சம்பாதிக்காத, ஆனால் அவர்களை விட்டுப் போகாத இருபது லட்சம்.

கீழ வீதியில் ஓர் ஓட்டலில் மூவரும் கணக்குப் பார்க்காமல் சாப்பிட்டார்கள். கடலூர் பஸ்ஸில் பத்திரப் பையை மடியில் வைத்துக்கொண்டிருந்த அன்பரசு, பக்கத்தில் உட்கார்ந்திருந்த முன்பின் தெரியாத ஆளிடம் தானாகவே பேச்சுக் கொடுத்தான். ஷிப்டுக்குப் போய்வரும் வழியில் யாரிடமும் வாய் திறக்காதவன், வீட்டு லோன் கதையை முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தான். முன் சீட்டுக்காரர் திரும்பி உட்கார்ந்தார். பின்னாலிருந்து ஒரு பெண், "எங்களுதும் அப்படி மாசம் கூடியிருக்குமாங்க? எப்படிப் பார்க்கிறது?" என்று எட்டிக் கேட்டாள்.

"மிச்சம் எத்தனை மாசம்னு முதல்ல கேளுங்க," என்றாள் ஜான்சி. "இ.எம்.ஐ. எவ்ளோன்னு எல்லாரும் சொல்லிடுவாங்க. மொத்தம் எவ்ளோன்னு நீங்கதான் கேக்கணும்."

அடுத்த மாதம் மலர்க்கொடிக்குச் சொந்த ஊருக்கே மாற்றல் கிடைத்தது. அவர்கள் சாமான் ஏற்றிய லாரி தெருமுனை திரும்பியதும், வெண்மதி மாடியிலிருந்து மெத்தையை உருட்டிக்கொண்டு படியிறங்கினாள். கல்லூரியில் முதல் வருடம் சேர்ந்திருந்தாள். கூட வந்த நான்கு தோழிகள் ஆளுக்கொரு பாத்திரத்தைத் தூக்கி வந்தார்கள்.

"எந்த ரூம்டி உன்னுது?" என்று ஒருத்தி கேட்டாள்.

"எல்லாமே எங்களுதுதான்," என்றாள் வெண்மதி. காலால் கதவைத் தள்ளித் திறந்துகொண்டு உள்ளே போனாள்.