அடுப்படி ஃப்ரிட்ஜின் ரீங்காரம்

எங்கள் கல்யாணத்துக்கு இரண்டு வீட்டிலும் சம்மதம். குறுக்கே நின்றது ஒரு ரீங்காரம்.

அவன் ஃப்ரிட்ஜ் மெக்கானிக், நான் தையற்காரி. அவன் அம்மா, அதாவது என் வருங்கால அத்தை, ரீங்கார நெறிக்காரர். உலகம் ஒரு ஒலியில் தொடங்கியது, அது இன்னும் அடங்கவில்லை, ஒவ்வொரு உயிரும் அதில் ஒரு இழை என்பது அவர்கள் நம்பிக்கை. கல்யாணத்துக்கு முன்னால் இருவரும் நெற்றியோடு நெற்றி வைத்து, வாய் திறக்காமல் அவரவர் இழையை முனக வேண்டும். இரண்டும் ஒன்றாக ஓடினால் சரி. நடுவே நடுக்கம் எழுந்தால் வாழ்நாள் முழுக்க ஒருவரையொருவர் அறுத்துக்கொண்டே இருப்பார்களாம். என் தையல் மெஷினே இதைவிட நன்றாக ஜோசியம் சொல்லும் என்று கிண்டலடித்தேன். அவன் சிரிக்கவில்லை.

நெறிக்காரர்களுக்கு அத்தையின் காதுதான் கடைசித் தீர்ப்பு. நடுக்கம் கேட்டதென்று சொந்தத் தங்கையின் கல்யாணத்தையே நிறுத்தியவர் அவர். அந்தச் சித்தி கடைசிவரை தனிக்கட்டையாகவே இருந்து போய்ச் சேர்ந்தார். அம்மா வேண்டாமென்றால் தன்னால் மீற முடியாது என்று அவன் முன்பே சொல்லிவிட்டான்.

சோதனை நாளன்று மாலை அவர்கள் வீட்டுக் கூடம் நிறைய நெறிக்காரர்கள், தெருத் தபால்காரரும் அதில் ஒருவர்; எல்லோரும் கண்ணை மூடிக்கொண்டு. முனகத் தொடங்கினோம். கொஞ்ச நேரம் நன்றாகத்தான் போனது. பிறகு என் நெற்றிக்குள் வண்டு புகுந்த மாதிரி விம்மி விம்மி ஒரு நடுக்கம். எனக்கே கேட்டது. கிண்டலடித்த வாய் உலர்ந்துபோனது. தபால்காரர் கண்ணைத் திறந்து உதட்டைப் பிதுக்கினார். அவன் என் கையை விடவே இல்லை.

அத்தை வெகுநேரம் எங்கள் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இது பிள்ளைங்க நடுக்கம் இல்ல. அடுப்படியில ஃப்ரிட்ஜ் ஓடுது, அந்த இரைச்சல் குறுக்க வருது. அதைத் தள்ளிட்டுக் கேட்டேன். ரெண்டும் ஒண்ணாத்தான் ஓடுது."

தனக்கு ஃப்ரிட்ஜ் சத்தம் கேட்கவில்லை என்று ஒத்துக்கொள்ள அந்தக் கூட்டத்தில் யாருக்குத் துணிச்சல் வரும்? ஆமாம், பெரிய இரைச்சல்தான் என்று தலையாட்டினார்கள். தபால்காரர் மட்டும், அதை நிறுத்திவிட்டு இன்னொரு தடவை கேட்கலாமே என்று எழுந்தார். பால் கெட்டுப்போகும் என்று சொல்லி அத்தை அவரை உட்கார வைத்தார். அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

எல்லோரும் கிளம்பியபின் காலி டம்ளர்களோடு அடுப்படிக்குப் போனேன். ஃப்ரிட்ஜ் சுவரை விட்டு இழுத்துப் போடப்பட்டிருந்தது. உள்ளே ஒன்றுமில்லை. ரிப்பேருக்காகக் காலையில் அவன் கழற்றிய கம்ப்ரஸர் மோட்டார் செய்தித்தாள் மேல் தரையில் கிடந்தது.

அத்தை பின்னால் வந்து நின்றார். கேட்டதைக் கேட்டபடியே சொல்லி வாழ்ந்த மனுஷி, எங்களுக்காகக் கேட்காததைச் சொல்லியிருக்கிறார். அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"என் தங்கச்சிக்கு இதைச் செய்யாம விட்டுட்டேம்மா," என்றார்.

பிறகு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு கம்ப்ரஸரைக் காட்டினார்.

"சீக்கிரம் மாட்டச் சொல்லு அவனை. தபால்காரர் தண்ணி கேட்டுத் திரும்பி வந்தாலும் வருவாரு."