கண் மூடிய படம்

“இதுலயும் கண்ண மூடியிருக்காரேக்கா,” என்றான் பிளெக்ஸ் கடை பைரோஸ், சுகன்யாவின் போனைக் கையில் வைத்துக்கொண்டு.

அவன் தள்ளித் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தது விடியற்காலையில் இறந்துபோன அவள் அப்பா பால்சாமியின் படங்களை. போடியில் ஒருவர் போய்விட்டால் முதலில் ஐஸ் பெட்டி வரும், அடுத்தது பிளெக்ஸ் வரும், சொந்தக்காரர்கள் அதற்கப்புறம்தான். பெட்டி வந்துவிட்டது. பிளெக்ஸுக்கு ஒரே மகளான அவளே வந்திருந்தாள்.

படத்துக்கா பஞ்சம்? சென்னையில் முப்பது வருஷம் சாக்ஸபோன் வாசித்த மனுஷன். ஸ்டூடியோ, கல்யாணக் கச்சேரி, ஹோட்டல் மேடை என்று எதைப் பார்த்தாலும் கன்னம் உப்பியிருந்தது, கண் மூடியிருந்தது. கண் திறந்திருந்தது ஆதார் அட்டையில் மட்டும்தான். அதில் யாரோ பிடித்துக்கொண்டுபோய் உட்கார வைத்த மாதிரி முழித்துக்கொண்டிருந்தார்.

போன் அடித்தது. சித்தப்பா வேலுச்சாமி. மலையில் ஏலத்தோட்டம் வைத்திருக்கிறவர். பாட்டெல்லாம் கம்ப்யூட்டருக்குள் போனபின் வேலையில்லாமல் திரும்பி வந்த அண்ணனை இத்தனை வருஷமும் முகம் சுளிக்காமல் வைத்துப் பார்த்தவர்.

“என்னாத்தா, ஆச்சா? வெரசா கொண்டா. தோட்டத்து ஆளுக ஜீப்புல வந்துக்கிட்டிருக்காக.”

“எல்லாம் கண்ணு மூடுன படமாத்தான் இருக்கு சித்தப்பா.”

“கூடவே கூடாது. பொணத்தப் போட்டோ எடுத்து மாட்டியிருக்காகன்னு ஊரு பேசும். கண்ணத் தெறந்து வைக்கச் சொல்லு, கம்ப்யூட்டர்ல செய்வாங்க. பட்டுச் சட்டையும் போடச் சொல்லு. கீழ இசையமைப்பாளர்னு கொட்டையாப் போடு.”

“அப்பா இசையமைப்பாளர் இல்லையே. அரேஞ்சரு.”

“அரேஞ்சருன்னா பந்தல் போடுறவன்னு நெனைப்பாங்கத்தா,” என்று சொல்லி வைத்துவிட்டார்.

அவரையும் குறை சொல்ல முடியாது. இசையமைப்பாளர் ஒரு மெட்டை முனகிவிட்டு வீட்டுக்குப் போய்விடுவார். எந்த வயலின் எங்கே ஏறவேண்டும், புல்லாங்குழல் எங்கே வாயை மூடிக்கொள்ளவேண்டும் என்று ஒவ்வொருவருக்கும் எழுதி வைப்பது பால்சாமியின் வேலை. சினிமா டைட்டிலில் ஒரு பேர்தான் வரும், அது அவர் பேர் இல்லை. “ஒங்கண்ணன் பேரு எப்பப்பா வரும்?” என்று டீக்கடையில் கேட்டுக் கேட்டே சித்தப்பாவை நோகடித்தார்கள்.

அப்பா அதற்கெல்லாம் வருத்தப்பட்டதாகத் தெரியவில்லை. பகலில் மற்றவர்களுக்கு எழுதிக் கொடுத்துவிட்டு, பொழுது சாய்ந்ததும் ஹோட்டலில் ஜாஸ் வாசிக்கப் போய்விடுவார். அங்கே யாரும் எழுதித் தராததை அவர் இஷ்டத்துக்கு வாசிக்கலாம். சின்னப் பிள்ளையில் சுகன்யாவையும் ஒருமுறை கூட்டிப்போனார். ஏம்ப்பா கண்ணை மூடிக்கிறீங்க என்று கேட்டதற்கு, “தெறந்தா எல்லாரும் சாப்புடுறது தெரியுதும்மா,” என்று சிரித்தார்.

பைரோஸ் ஆதார் படத்திலிருந்து கண்களை வெட்டி எடுத்து, சாக்ஸபோன் வாசிக்கிற முகத்தில் ஒட்டினான். நிறத்தைச் சரிசெய்து திரையை அவள் பக்கம் திருப்பினான்.

தன் கையில் இருக்கிற வாத்தியத்தைப் பார்த்தே பயந்துபோன ஒருவர் அங்கே விழித்துக்கொண்டிருந்தார். சுகன்யாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பைரோஸும் சிரித்துவிட்டான். சிரித்துக்கொண்டே இருந்தவள் அழ ஆரம்பித்தாள். காலையிலிருந்து வராத அழுகை அது. உயிர் போனபோது அப்பாவின் கண்கள் திறந்தபடியே நின்றுபோயிருந்தன, சித்தப்பாதான் உள்ளங்கையால் தடவி மூடினார். மூடும்வரை அவற்றில் இந்தப் பார்வைதான் இருந்தது. இனி ஒருநாளும் அவர் தானாகக் கண்ணை மூடி வாசிக்கப் போவதில்லை என்பதை அவளால் தாங்கிக்கொள்ள முடியவில்லை.

பைரோஸ் தண்ணீர் பாட்டிலை நீட்டினான்.

“எடுத்துரு தம்பி,” என்றாள், முகத்தைத் துடைத்துக்கொண்டு. “முன்னாடி இருந்தபடியே இருக்கட்டும். பட்டுச் சட்டையும் வேணாம்.”

“ஒங்க சித்தப்பா வைவாருக்கா.”

“வையட்டும்.”

“பேருக்குக் கீழ என்ன போட?”

“சாக்ஸபோன் கலைஞர்னு போடு.” கொஞ்சம் யோசித்தாள். “அரேஞ்சருன்னும் போடு.”

தெருமுனையில் பிளெக்ஸைக் கட்டி முடிக்கிற நேரத்துக்குச் சித்தப்பா வந்து நின்றார். படத்தை மேலும் கீழும் பார்த்தார். அவர் முகம் கறுத்தது. வாங்கிக் கட்டிக்கொள்ளத் தயாராக அவள் நின்றாள். அதற்குள் ஜீப்பு வந்துவிட்டது.

தோட்டத்துப் பெண்கள் இறங்கினார்கள். இழவு வீட்டுக்கு வருகிறவர்கள் தெருமுனையிலேயே ஒப்பாரியைத் தொடங்கிவிடுவது வழக்கம். முன்னால் வந்த அன்னக்கொடி, கையை விரித்து வாயைத் திறந்தவள், பிளெக்ஸைப் பார்த்ததும் அப்படியே நின்றுவிட்டாள்.

“என்ன மொதலாளி, போட்டோ எறந்த பெறகு எடுத்ததா?”

எது நடக்கக்கூடாது என்று சித்தப்பா பயந்தாரோ அதுவே நடந்துவிட்டது. சுகன்யா தலையைக் குனிந்துகொண்டாள். சித்தப்பா அவள் பக்கம் திரும்பவே இல்லை. படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். உப்பிய கன்னத்தை, வாத்தியத்தின் மேல் பரவியிருந்த விரல்களை, அந்தக் கண்களை.

“எங்கண்ணே வாசிச்சுக்கிட்டிருக்காருத்தா,” என்றார். “சத்தம் போடாமப் போங்க.”

அன்னக்கொடி பின்னால் திரும்பி உதட்டில் விரலை வைத்தாள். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, ஒருத்தி பின்னால் ஒருத்தியாக, அந்தப் பெண்கள் படத்தைத் தாண்டி மெல்ல நடந்து வீட்டுக்குள் போனார்கள்.