கடைசிப் பாத்திக்குப் போன தண்ணீர்

உரும்பிராயில் சுபாஜினியின் தோட்டத்தில் திங்கட்கிழமை காலை ஏழு மணிக்கு இறைத்துவிட்ட தண்ணீர், கடைசிப் பாத்திக்கு வெள்ளிக்கிழமைதான் போய்ச் சேர்ந்தது. இடையில் அது கசியவும் இல்லை, மண் குடிக்கவும் இல்லை. வாய்க்காலுக்குக் குறுக்கே செம்மண்ணில் ஒரு சாண் அகலத்துக்கு வெடிப்பு விழுந்திருந்தது. அதில் பட்டது எதுவானாலும் நான்கு நாள் கழித்துத்தான் அந்தப் பக்கம் வந்தது. ஒரு கோழி அதில் இறங்கி, நான்காம் நாள் அதே இரையைத் தொண்டையில் வைத்துக்கொண்டு வெளியே வந்தது. இது இரண்டாயிரத்துப் பதினான்கு பங்குனியில் நடந்தது. ஊர் ஒரு கிழமை முழுக்க வந்து பார்த்தது. பிறகு வெங்காயம் கிண்டி எடுக்கும் காலம் என்பதால் வரவில்லை. சுபாஜினியின் புருசன் கஜீபன் வெடிப்பைத் தாண்டிப் பாயப் பழகினான். கடைசிப் பாத்திக்கு நான்கு நாள் முந்தியே இறைத்தான். தண்ணீர் போகப் போக வெடிப்பு விரல் விரலாக அகன்றது, அதைக் கடக்க எடுக்கும் நாளும் கூடியது. அதைக் கண்டு பயந்தவள் சுபாஜினி ஒருத்திதான்.

தோட்டத்துக் கிணற்றில் அவர்களுக்கும் பக்கத்துக் காணிக் கதிரவேலுவுக்கும் பங்கு. ஆளுக்கொரு நாள் முறை. "உந்தப் பாத்தியை விட்டிட்டு இஞ்சாலைப் பக்கத்தைச் செய்யடா தம்பி," என்று கதிரவேலு சொல்லிப் பார்த்தார். "விட்டால் அடுத்த நாளே நீங்கள் வேலி போட்டிடுவியள் அண்ணை," என்றான் கஜீபன்.

இறைப்பில் ஒரு முறை இருக்கிறது. தண்ணி மாறுகிறவர், அதாவது மண்வெட்டியோடு நின்று பாத்தி பாத்தியாக மடை திறந்து அடைக்கிறவர், கடைசிப் பாத்தி நிரம்பியதும் "நிப்பாட்டு" என்று கூப்பிடுவார். அந்தக் குரல் கேட்கும்வரை கிணற்றடியில் இறைக்கும் மெஷினோடு நிற்பவர் அதை நிறுத்தக் கூடாது. மெஷின் சத்தம் கேட்டுக்கொண்டிருக்கும்வரை தண்ணி மாறுகிறவர் பாத்தியை விட்டு வரக் கூடாது. வந்தால் வரம்பு உடைந்துவிடும். சித்திரையில் ஒரு நாள், வாய்க்காலில் கிடந்த சருகைத் தள்ளியபடி தண்ணீரின் முனையோடு நடந்துபோன கஜீபனின் கால் வழுக்கி வெடிப்பில் பட்டது. வாழைகள் மறைத்ததால் சுபாஜினி அதைக் காணவில்லை. அவள் குரலுக்குக் காத்து நின்றாள். குரல் வரவில்லை, மெஷினையும் அவள் நிறுத்தவில்லை. ஏழு மணியிலிருந்து பன்னிரண்டே கால்வரை, கிணறு வற்றி மெஷின் சேற்றை இழுத்து இருமும்வரை இறைத்தாள். அவ்வளவு தண்ணீரும் வெடிப்புக்குள் போயிருந்தது. அவள் போய்ப் பார்த்தபோது அது எட்டடி அகலம். இந்தப் பக்கம் கஜீபனின் காலடி இருந்தது. அந்தப் பக்கம் மண் உலர்ந்து கிடந்தது.

எத்தனை நாள் என்று அறிய, மூன்றாம் நாள் கதிரவேலு தன் இடக்கால் செருப்பைக் கழற்றி உள்ளே எறிந்தார். அது வரவில்லை. ஒரு வருடம் போன பிறகு கிராம சேவகர் ஒரு படிவத்தோடு வந்தார்.

"காணாமல் போனவர் எண்டு பதியட்டோ, தங்கச்சி?"

"ஆர் காணாமல் போனது? அவர் தண்ணி மாறப் போனவர்."

பிறர் தோட்டங்களில் புல்லுப் பிடுங்கியும் வெங்காயம் கிண்டியும் மகள் நிவேதனாவை வளர்த்தாள். ஒவ்வொரு நாளும் காலையும் மாலையும் தோட்டத்துக்கு வெளியே ஒழுங்கைப் பாதையால் சுற்றிப்போய்க் கடைசிப் பாத்தியில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள். தண்ணீர் வந்தால் அவனும் வருவான். வரமாட்டானோ என்ற பயம் அவளுக்கு இல்லை. வரும்போது தான் அங்கே இல்லாவிட்டால், வழக்கம்போலக் கால் கழுவக் கிணற்றடிக்கு நேரே நடந்து, திரும்பவும் அந்த எட்டடிக்குள் இறங்கிவிடுவானே என்பதுதான் பயம். இந்தப் பக்கம் பனைமட்டையால் அடைத்தாள். அந்தப் பக்கம் அடைத்தால் வருகிற ஆளுக்கு வழி இல்லாமல் போகுமோ என்று விட்டுவிட்டாள். மாரி காலம்தான் ஆகக் கொடுமை. எது மழை, எது தன் தண்ணீர் என்று தெரியாமல் கார்த்திகையும் மார்கழியும் குடையோடு வரம்பிலேயே நின்றாள். கைகள் சொறிந்து தோல் உரிந்தது. தலையில் நரை விழுந்தது.

பதினொரு வருடமும் இரண்டு மாதமும் போய், ஆனியில் ஒரு நாள் காலை, அவள் கிணற்றடியில் வாளியோடு நின்றபோது வாழைகளுக்கு அப்பாலிருந்து குரல் வந்தது.

"நிப்பாட்டு!"

கை தானாக மெஷினுக்குப் போனது. மெஷின் ஓடவில்லை. அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. அவனிடம் தண்ணீர் வருகிறது, மெஷின் சத்தம் இல்லை. இது என்ன கோதாரி என்று பார்க்க அவன் நேரே வாய்க்காலால் வருவான். குழாயின் வாயைத் தூக்கிக் கிணற்றுக்குள்ளேயே போட்டுவிட்டு மெஷினை ஓடவிட்டாள்.

அன்று முறைக்காரரான கதிரவேலு வாயைப் பிளந்தார். "என்ன பிள்ளை, கிணத்துத் தண்ணியைக் கிணத்துக்கே இறைக்கிறாய்?"

"அண்ணை, நான் வருமட்டும் மெஷினை நிப்பாட்டிப் போடாதேங்கோ!"

ஒழுங்கையில் ஓடினாள். நெருஞ்சி முள் ஏறியதை அவள் அறியவில்லை. இரண்டாம் குரல் அதே இடத்திலிருந்து வந்தது. மூன்றாவது கோபமாக வந்தது. நான்காவது குரல் கிணற்றுப் பக்கம் நகர்ந்திருந்தது.

அவள் வரம்பில் ஏறியபோது கஜீபன் முழங்கால்வரை சேற்றோடு வெடிப்பின் விளிம்பில் நின்றான். ஒரு கால் தூக்கியிருந்தது. முப்பத்து நான்கு வயது, ஒரு நாளும் கூடவில்லை.

"அக்கா, நீங்கள் எப்ப வந்தனீங்கள்?" என்றான். "உங்கடை தங்கச்சிக்குக் காது அடைச்சுப் போச்சோ? தொண்டை கிழியக் கத்திறன், மெஷினை நிப்பாட்டுறாள் இல்லை. போய்க் குடுக்கிறன் இண்டைக்கு."

பதினொரு வருடமாக அடுக்கி வைத்திருந்த சொற்களை எல்லாம் விட்டு, வாயில் வந்த ஒன்றைச் சொன்னாள்.

"இஞ்சாருங்கோ," என்றாள்.

அவனை அப்படிக் கூப்பிட உலகத்தில் ஒருத்திதான் இருந்தாள். தூக்கிய காலை அவன் பின்னால் வைத்தான். அவளுடைய நரையை நெடுநேரம் பார்த்தான்.

"பிள்ளை எங்கை?"

"ரியூசனுக்குப் போட்டாள்."

"ஆறு வயசுப் பிள்ளைக்கு என்ன ரியூசன்?"

"ஒழுங்கையாலை வாங்கோ, சொல்லுறன்."

"மெஷின் ஓடுதல்லோ. பாத்தி உடைஞ்சிடும்," என்றான் அவன்.

அவன் சொன்னதும் சரிதான், பதினொரு வருடத்துக்கு முந்திய தண்ணீர் இன்னும் வந்துகொண்டிருந்தது. இருவரும் நின்று தண்ணி மாறினார்கள். அவன் வெட்டினான், அவள் அடைத்தாள். அவள் இறைத்த நேரக் கணக்குப்படியே பன்னிரண்டே காலுக்குச் சேற்றுத் தண்ணீர் வந்து நின்றது. பிறகு ஒழுங்கையால் வீட்டுக்குப் போனார்கள். அந்தப் போகம் கடைசிப் பாத்தியில் மிளகாய் நன்றாகக் காய்த்தது.

மூன்றாம் நாள் கதிரவேலுவின் இடக்கால் செருப்பும் வந்து சேர்ந்தது. கஜீபன் அதைக் கழுவிக் கொண்டுபோய்க் கொடுத்தான். கதிரவேலு உள்ளே போய், வலக்கால் செருப்பை எடுத்து வந்து, இரண்டையும் போட்டுக்கொண்டு முறைக்கு இறைக்கப் போனார்.